வடக்கே தலை வைத்தவர்கள்

சித்தூர்,
14 ஜூன் 1926

கர்த்தருக்குள் அன்பான தங்கை தபீதாளுக்கு அண்ணன் ஞானசிங் எழுதிக்கொள்வது. நான் நல்ல சுகம் என்றுதான் வழக்கம்போல ஆரம்பிக்க வேண்டும். ஆனால் சனிக்கிழமை முதல் சித்தூரில் பாதிப் பேர் நான் செத்துப்போனதாக நம்பிக்கொண்டிருக்கிறார்கள். வேறு யாராவது வந்து உன்னிடம் சொல்வதற்குள் என் மானத்தை நானே வாங்கிக்கொள்கிறேன்.

அன்று சாயங்காலம் நம் கோயிலில் யாருமில்லை. மேற்கு ஜன்னலின் சிவப்புக் கண்ணாடி வழியாக வெயில் எப்படி இறங்குகிறது என்று ஆராயப் போனேன். இதைப் படுத்துத்தான் ஆராய முடியும். பீடத்துக்கு முன்னால் வடக்கே தலை வைத்து, கைகளை மார்பின்மேல் கட்டிக்கொண்டு படுத்தேன். அது பிரேதப் பெட்டி வைக்கிற இடம் என்பது எனக்குத் தோன்றவில்லை. தூங்கிப்போனேன். கண் விழித்தால் மாதர் சங்கம் முழுவதும் என்னைச் சுற்றி நின்று அடக்கப் பாட்டின் இரண்டாம் சரணத்தில் இருக்கிறது. நான் எழுந்து உட்கார்ந்தேன். "ஐயையோ, சாரு எழுந்துட்டாரு!" என்று கதவைப் பார்த்து ஓடினார்கள். போதகர் சம்சாரம் மட்டும் சரணத்தை முடித்துவிட்டு ஓடினார். இப்போது என் ட்ராயிங் வகுப்புப் பிள்ளைகள் கல்லறையிலிருந்து எழுந்தவன் பெயரையே எனக்கு வைத்துவிட்டார்கள், லாசரு சார்.

சிரிக்கிறவர்களுக்கு என் சாஸ்திரம் தெரியாது. கனாமனை நூல் என்று அதற்குப் பெயர் வைத்திருக்கிறேன். வீட்டுக்குள் இறங்கும் விடியற்கால வெளிச்சம் தூங்குகிறவன் தலைக்குள் ஒரு கட்டடம் கட்டுகிறது. கூரையில் ஒரு கண்ணாடி ஓடு இருந்தால் மண்டபம். கீற்று இடுக்கில் ஒழுகினால் படிக்கட்டு. சாவித் துவாரத்தில் நுழைந்தால் நீண்ட தாழ்வாரம். கனவு என்பது மனத்தின் கோளாறு இல்லை, வெளிச்சத்தின் கொத்து வேலை. எந்த வீட்டில் படுத்தால் எந்தக் கட்டடம் தெரியும் என்று முன்கூட்டியே படம் வரைந்து கொடுக்கலாம். இந்தச் சாஸ்திரத்தில் இதுவரை பண்டிதர் ஒருவர், மாணாக்கர் யாருமில்லை, எதிர்க்கட்சி சித்தூர் முழுவதும்.

போன வருஷம் மே மாதம் உன் வீட்டு மாடியறையில் வந்து படுத்தேன். எதற்கு வந்தேன் என்பது உனக்குத் தெரியும். சாஸ்திரத்துக்கு அது அவசியமில்லை. திக்கு பார்க்கிற நிலையில் இல்லாததால் வடக்கே தலை வைத்து விழுந்தேன். விடியற்காலையில் ஒரு கட்டடம் கண்டேன். இந்த ஈஸ்டருக்கு மறுபடி வந்து, அந்த வடக்கு ஜன்னல் வழியே மலையின் சிவப்புப் பாறை வெயிலில் பற்றிக்கொள்வதைப் பார்த்த நிமிஷமே எல்லாம் விளங்கிற்று. பாறையில் பட்டுத் திரும்பிய வெளிச்சம் ஜன்னலில் நுழைந்து என் உச்சந்தலையில் இறங்கிக் கட்டிய கட்டடம் அது.

சென்னையில் நவசாஸ்திர சபை என்று ஒன்று இருக்கிறது. செயலாளர் ஏகாம்பரம். கண்டதைப் படமாக வரைந்து அரக்கு வைத்து அவரிடம் அனுப்பியிருக்கிறேன். அதே அறையில் மூன்று பேர் படுத்து அதே கட்டடத்தைக் கண்டால் டிசம்பர் கூட்டத்தில் என் கட்டுரையை ஏற்று அச்சிடுவார்கள். இல்லாவிட்டால் லாசரு சாராகவே ரிடையர் ஆவேன். என்ன கண்டேன் என்று உனக்கும் சொல்லமாட்டேன், சொன்னால் சாட்சி கெட்டுவிடும். மூன்று பேரைப் பிடி. வடக்கே தலை. மறக்காதே.

மாப்பிள்ளையின் இருமலுக்கு என்ன கொடுக்கிறாய்? உடனே எழுது.

அண்ணன்,
ஞானசிங்

*

திருப்பதி,
1 ஜூலை 1926

அன்புள்ள அண்ணனுக்குத் தபீதாளின் ஸ்தோத்திரம். நாங்கள் சுகம். நீங்கள் உயிரோடிருப்பது பற்றி மெத்தச் சந்தோஷம். உங்கள் கடிதத்துக்கு முன்பே பாகாலாவிலிருந்து ஓர் ஆள் இவருடைய ரயில்வே பார்சல் ஆபீசுக்கு வந்து, இவரிடம் "எப்ப எடுக்கறாங்க?" என்று துக்கமாக விசாரித்துவிட்டுப் போனாராம்.

ஆள் பிடிக்கிறேன். முதலில் இவரே படுப்பார். பார்சல் ஆபீசில் உட்கார்ந்தபடியே தூங்குகிற மனுஷர், படுத்தால் கேட்கவா வேண்டும். அடுத்தது எங்கள் சபை மூப்பர் தியோடர். அப்புறம் வீடுவீடாகப் போய் வேதம் வாசிக்கிற கிருபாவதி அம்மாள். அந்த அம்மாள் கனவு காண்பதையும் ஊழியமாகத்தான் செய்வார்.

வீட்டுக்காரி செங்கம்மாவுக்குத்தான் பிடிக்கவில்லை. கீழ்வீட்டிலிருந்து படியேறி வந்து, "ஒவ்வொருத்தரா வந்து படுத்துக்கினு போறதுக்கு இது இன்னா சத்திரமா?" என்றாள். அப்புறம் வழக்கமான பல்லவி. "அந்த ஜன்னல் வச்சதே தப்பாப் போச்சி. கோதி வந்து தலகாணியை எத்துக்கினு போவுது." கோதி என்பது அவள் பாஷையில் குரங்கு.

அண்ணே, ஒன்று கேட்கிறேன். அந்த அறையேதான் வேண்டுமா? சித்தூரிலேயே ஒரு ஜன்னல் பார்த்துச் செய்யக்கூடாதா? காரணம் ஒன்றுமில்லை, கேட்டேன்.

வேளாவேளைக்குச் சாப்பிடுகிறீர்களா?

தங்கை,
தபீதாள்

*

சித்தூர்,
6 ஜூலை 1926

அன்பான தபீதாளுக்கு. சுகம், சுகத்துக்கு எழுதவும். சாப்பிடுகிறேன். சமைக்கிறவன் நானே என்பதால் குறை சொல்ல ஆளில்லை.

காரணம் ஒன்றுமில்லை என்று எழுதுகிறவர்களுக்கு ஒரு காரணம் இருக்கும். உன் காரணம் செங்கம்மா. சாஸ்திரத்துக்காக அவளைக் கொஞ்சம் பொறுத்துக்கொள். அந்த அறைதான் வேண்டும். வேறு அறையில் வேறு கட்டடம்தான் வரும்.

வடக்கே தலை என்று நான் அடித்துச் சொல்வதன் சூட்சுமம் கேள். இந்தச் சீமையில் யாரும் வடக்கே தலை வைத்துப் படுப்பதில்லை. பிணத்தைத்தான் அப்படிக் கிடத்துவார்கள். ஆகவே வடக்கு வெளிச்சம் கட்டுகிற கட்டடத்தை இத்தனை காலமாக ஒருவரும் கண்டதில்லை. அந்தப் பயம் இல்லாத ஜனங்கள் நாம். பாட்டன் காலத்திலேயே ஞானஸ்நானம் பெற்றோமே, இதற்காவது உதவட்டும்.

தலைமையாசிரியர் நேற்று என் வகுப்புக்கு வந்து, "பானை வரையச் சொல்லிக்கொடும் ஐயா, கனவை எவன் பரீட்சையில் கேட்கப்போகிறான்" என்றார். பின்னால் நின்ற பிள்ளைகளுக்கு அது நல்லதொரு நாள். சீக்கிரம் படுக்க வை.

ஞானசிங்

*

திருப்பதி,
28 ஜூலை 1926

அன்புள்ள அண்ணனுக்கு. இங்கே இவருக்கு இருமல் தவிர எல்லோரும் சுகம். அங்கே மழை உண்டா?

இவர் படுத்தார், கண்டார். காலையில் காப்பி கொண்டுபோனபோது எழுந்து உட்கார்ந்திருந்தார். "படியா இருந்திச்சி தபீதா. வட்டவட்டமா கீழ கீழ போய்க்கினே இருந்திச்சி. எம்மாம் பெரிய கிணறு! அடியில வெளிச்சம்."

"வடக்கேதானே தலை வைத்தீர்கள்?" என்று கேட்டேன்.

"நான் இன்னா அஞ்ஞானியா, திக்கு பாத்துப் படுக்க?" என்று கோபித்துக்கொண்டார்.

சொன்னதைச் சொன்னபடி எழுதியிருக்கிறேன். விரிப்பைத் துவைத்துப் போட்டேன். மூப்பரிடம் சொல்லியிருக்கிறேன்.

தபீதாள்

*

சித்தூர்,
2 ஆகஸ்டு 1926

தபீதாளுக்கு. சுகமில்லை. உடம்புக்கு ஒன்றுமில்லை, மனசுக்கு.

கிணறா? நான் கண்டதற்கும் கிணற்றுக்கும் என்ன சம்பந்தம்? மாப்பிள்ளை என்ன தின்றுவிட்டுப் படுத்தார் என்று விசாரித்தாயா? கருவாடாக இருந்தால் கிணறு மட்டுமில்லை, சமுத்திரமே தெரியும். அவர் சாட்சியத்தைத் தள்ளிவைக்கிறேன். அவரிடம் சொல்லாதே, மனது நோவார். இல்லை, சொல், நோகட்டும்.

மூப்பர் தியோடரை வெறும் கஞ்சியோடு படுக்க வை. பொய் சொல்லாத மனுஷர், அவரை நம்பித்தான் இருக்கிறேன்.

நேற்றுக் கடைத்தெருவில் கைக்குழந்தையோடு வந்த ஓர் அம்மாள் என்னைப் பார்த்ததும் முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு வேறு பக்கம் போனாள். செத்து எழுந்தவன் மூச்சுப் பட்டால் குழந்தைக்கு ஆகாதாம்.

ஞானசிங்

*

திருப்பதி,
12 செப்டம்பர் 1926

அன்புள்ள அண்ணனுக்கு ஸ்தோத்திரம். தாமதத்தை மன்னிக்கவும். குரங்கு ஜன்னல் கதவின் கொக்கியைப் பிடுங்கிவிட்டது, செங்கம்மா சண்டைக்கு வந்தாள், அதில் நாட்கள் போயின. இவர் சுகம்.

நீங்கள் கோபிப்பீர்கள் என்று தெரிந்தே எழுதுகிறேன். மூப்பரும் கிணறுதான் கண்டார். "இறங்கிக்கினே இருந்தேன்மா. ஏழு சுத்து. அடியில ஒரு பொம்பள, கையில விளக்க வச்சிக்கினு அண்ணாந்து பாக்குது." இருவரும் பேசிக்கொள்ளவில்லை, அதை நான் பார்த்துக்கொண்டேன். அடுத்த வாரம் இவருக்கு இரவு டியூட்டி வந்தபோது கிருபாவதி அம்மாளைப் படுக்க வைத்தேன். அவருக்கும் கிணறு. அவருக்கும் அந்தப் பொம்பளை. "நெத்தியில வெட்டுத் தழும்பு" என்றார்.

வடக்கே தலை வைத்தீர்களா என்று இருவரையும் கேட்டேன். மூப்பர், "இன்னா கேள்வி இது, மூப்பரைப் பாத்து?" என்றார். கிருபாவதி அம்மாள் ஜெபம் பண்ண ஆரம்பித்துவிட்டார்.

அண்ணே, ஜெபமணி அண்ணிக்கு நெற்றியில் தழும்பு இருந்தது. இவர்கள் இருவரும் அண்ணியைப் பார்த்ததே இல்லை. கிணற்றடியில் நிற்பது யார்?

தபீதாள்

*

சித்தூர்,
16 செப்டம்பர் 1926

தபீதாளுக்கு. சுகம்.

மறுபடியும் கிணறு! ஊரில் இத்தனை பேர் இருக்க, கிணறு காண்கிறவர்களாகத் தேடித் தேடிப் பிடித்தாயா? இனி மறைத்து என்ன பிரயோசனம், சொல்லிவிடுகிறேன். நான் கண்டது மாளிகை. ஏழடுக்கு மாளிகை. சுவரெல்லாம் வெளிச்சம், தூணெல்லாம் வெளிச்சம், வட்டவட்டமாகப் படி மேலே போகிறது. ஏழாவது அடுக்கின் உப்பரிகையில் விளக்கு. மேலே போகிற கட்டடத்தை நான் படம் வரைந்து கொடுத்திருக்கிறேன், உன் சாட்சிகள் எல்லோரும் பள்ளத்தில் இறங்குகிறார்கள்.

ஏகாம்பரத்துக்கு எழுதி, வேறு யாரையும் நம்பவேண்டாம், தாங்களே வந்து படுங்கள் என்று கேட்டுக்கொண்டேன். படித்த மனுஷர், மூடநம்பிக்கையை ஒழிக்கவே சபை வைத்திருக்கிறார். அடுத்த மாதம் ஸ்வாமி தரிசனத்துக்கு வருகிறாராம், அப்படியே வந்து படுக்கிறேன் என்று பதில் போட்டிருக்கிறார். நல்ல காப்பியாகக் கொடு.

நீ கேட்ட மற்றதற்குப் பதில் அப்புறம்.

ஞானசிங்

*

சித்தூர்,
20 அக்டோபர் 1926

தபீதாளுக்கு.

ஏகாம்பரத்தின் கடிதம் வந்தது. நாலே வரி. படுத்தாராம். கிணறு கண்டாராம். சென்னைக்குத் திரும்பி அரக்கை உடைத்துப் பார்த்தாராம், மாளிகை இருந்ததாம். ஆகவே தங்கள் கொள்கை தள்ளுபடி, உபசரிப்புக்கு வந்தனம், தங்கள் சகோதரியின் காப்பி மிக நன்று.

முடிந்தது. இந்த ஜன்மத்தில் எனக்குக் கிடைத்த ஒரே நற்சாட்சிப் பத்திரம் உன் காப்பிக்கு. தலைமையாசிரியரிடம் போய், நாளை முதல் பானை வரையச் சொல்லிக்கொடுக்கிறேன் என்று சொல்லிவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் தேவலை.

படங்களை அடுப்பில் போடப்போகிறேன். பதில் எழுதவேண்டாம்.

ஞானசிங்

*

திருப்பதி,
23 அக்டோபர் 1926

அன்புள்ள அண்ணனுக்குத் தபீதாள் அவசரமாக எழுதுவது. படங்களைக் கொளுத்தாதீர்கள். சாப்பிடாமல் இருக்காதீர்கள்.

நாலு பேரும் தெற்கேதான் தலை வைத்தார்கள்.

எனக்கு முதல் நாளே தெரியும். நான் வடக்கே போட்ட தலையணை காலையில் தெற்கே கிடக்கும். விரிப்பில் எண்ணெய்க் கறையும் தெற்கேதான். இவரைக் கேட்டால் அஞ்ஞானியா என்கிறார். நீர் அஞ்ஞானியேதான் என்று கட்டின புருஷனிடம் எப்படிச் சொல்வது? மூப்பர் படுத்த மறுநாள் அந்த விரிப்பை அவர் கண்முன்னாலேயே எடுத்து உதறினேன். அவர் மெதுவாக, "வெளிய சொல்லாதம்மா. படுத்தேன், பிணம் மாதிரி இருந்திச்சி, திரும்பிக்கினேன். சபையில தெரிஞ்சா என் மூப்பர் வேலை போயிடும்" என்றார். நான் வாக்குக் கொடுத்துவிட்டேன். கிருபாவதி அம்மாள் விஷயத்தில் கறையே பேசிற்று. அந்த அம்மாள் தலைக்கு வைப்பது விளக்கெண்ணெய்.

ஏகாம்பரம்தான் ஒளிக்காமல் செய்தார். அறைக்குள் போனதும் கட்டிலைத் தாமே திருப்பிப் போட்டுக்கொண்டார். "அம்மா, நான் சாஸ்திரம் பேசுகிறவன்தான். ஆனால் ஆத்தில் கல்யாணத்துக்கு ஒரு பெண் இருக்கிறாள். இதை மட்டும் உங்கள் அண்ணாவுக்கு எழுதாதீர்கள்" என்று கேட்டுக்கொண்டார். நானும் எழுதவில்லை. என் வாயில் எத்தனை பேருடைய மானம் பூட்டியிருக்கிறது பாருங்கள்.

அண்ணி கர்த்தரிடம் போன பிறகு நீங்கள் ஒரு காரியத்தில் முகம் தெளிந்து நின்றது இதில்தான். அதனால்தான் எல்லோருக்கும் கொடுத்த வாக்கையும் உடைத்தேன்.

தபீதாள்

*

சித்தூர்,
18 நவம்பர் 1926

கண்ணான தங்கைக்கு, மிக மிகச் சுகமாயிருக்கும் அண்ணன் ஞானசிங் எழுதுவது.

உன் கடிதத்தைப் படித்தவுடன் என் படத்தை எடுத்தேன். தலைகீழாகப் பிடித்தேன். தபீதா, மாளிகையைக் கவிழ்த்தால் கிணறு! ஏழடுக்கு ஏழு சுற்று. ஏறுகிற படி இறங்குகிற படி. வடக்கே தலை வைத்தவனுக்கு வெளிச்சம் உச்சந்தலையில் இறங்கி மேல்நோக்கிக் கட்டுகிறது, தெற்கே வைத்தவனுக்குக் கால் வழியாக நுழைந்து கீழ்நோக்கிக் கட்டுகிறது. என் கொள்கைக்கு இதைவிட ருசு உண்டா? அந்த நாலு பேரும் யோக்கியமாகப் படுத்திருந்தால்கூட இவ்வளவு அழகாக நிரூபணம் ஆகியிருக்காது. மூப்பருக்கு என் வந்தனம் சொல்.

ஏகாம்பரத்துக்கு எழுதினேன். தெற்கே தலை வைத்ததை ஒப்புக்கொள்ள அவருக்குக் கொஞ்ச நாள் பிடித்தது. ஒப்புக்கொண்டதும் ஆளே மாறிவிட்டார். கட்டுரையைச் சபை ஏற்றுக்கொண்டது, டிசம்பரில் நானே வாசிக்கிறேன், வாசித்த கையோடு அச்சுக்குப் போகிறது. தலைமையாசிரியர் இன்று எனக்கு நாற்காலி போட்டார். மாதர் சங்கம் வணக்கம் சொல்கிறது, தூரத்திலிருந்துதான்.

நீ கேட்டதற்குப் பதில். கிணற்றடியில் நிற்பது யார் என்று கேட்டாய். என் மாளிகையில் ஏழாவது அடுக்கில் விளக்கோடு நின்றவளும் அவள்தான். படத்தில் அவளை வரையவில்லை. சபைக்கு அவள் வேண்டாம் என்று நினைத்தேன். வேடிக்கை என்னவென்றால் கட்டடம் கவிழ்ந்தாலும் அவள் மட்டும் கவிழவில்லை, நேராகவே நிற்கிறாள். அதற்கு ஒரு தனி அத்தியாயம் எழுத வேண்டும். அவளைப் பார்த்தே இராதவர்களுக்கும் தெரிகிற ஓர் இடத்தில் அவள் இருக்கிறாள் என்றால் நான் பைத்தியக்காரன் இல்லை, அவ்வளவுதான் எனக்கு வேண்டியது.

ஒரு சின்ன வேலை. அச்சிடுவதற்கு ஜன்னலின் உயரம், அகலம், பார்க்கும் திசை, வைத்த காலம் எல்லாம் வேண்டுமாம். வீட்டுக்காரி சொல்லி ஒருவர் சாட்சிக் கையெழுத்துப் போட வேண்டும். உடனே அனுப்பு.

அண்ணன்,
ஞானசிங்

*

திருப்பதி,
9 டிசம்பர் 1926

அன்புள்ள அண்ணனுக்குத் தபீதாள் எழுதிக்கொள்வது. எல்லோரும் சுகம். இவருக்கு இருமல் நின்றுவிட்டது. குளிர் ஆரம்பித்துவிட்டது, கம்பளி போர்த்திக்கொள்ளுங்கள்.

பதில் எழுதப் பலமுறை உட்கார்ந்து எழுந்துவிட்டேன். நீங்கள் நாற்காலி என்று எழுதியதைப் படிக்கும்போதெல்லாம் பேனா ஓடவில்லை. இன்று உங்கள் தந்தி வந்த பிறகு வேறு வழியில்லை.

ஜன்னலை நானே அளந்தேன். உயரம் மூன்றடி, அகலம் இரண்டேகால். பார்க்கும் திசை வடக்கு. காலத்தை மட்டும் "வெகு நாளாக" என்று நானே எழுதிவிடலாம் என்று பார்த்தேன். சாட்சிக்கு மூப்பர் தியோடரை உட்கார வைத்திருந்தேன். அவர், "ஒரு பொய் சொல்லிப் பட்டது போதும், வீட்டுக்காரம்மா வாயால சொன்னா எழுதறேன்" என்று பேனாவைக் கீழே வைத்துவிட்டார். செங்கம்மாவைக் கூப்பிட்டோம். அவள் சொன்னதை மூப்பர் எழுதியபடியே கீழே தருகிறேன். அனுப்புவதும் அனுப்பாததும் உங்கள் இஷ்டம்.

"இந்த வருசம் பொங்கல் கழிச்சிதான் மேஸ்திரி ஏழுமலைய வச்சி சுவத்தை இட்ச்சி அந்த ஜன்னல வச்சது. அதுக்கு முந்தின வருசம் உங்க அண்ணாரு அழுதுக்கினு வந்து படுத்தப்போ அது வெறும் சுவருதானேம்மா. பட்டப்பகல்லயே கும்முனு இருட்டா இருக்கும். விடியறவரைக்கும் நீதானே விளக்க வச்சிக்கினு அவரு தலமாட்டுல நின்னுக்கினு இருந்தே."